பின்னணிக் குரல் இல்லாத ஆவணப்படம்: பிச்சாவரத்தை வைத்துப் புரிந்துகொள்ள ஒரு விளக்கம்

புதுச்சேரியிலோ கடலூரிலோ, பின்னணிக் குரல் இல்லாத ஓர் இயற்கை ஆவணப்படம் திரையிடப்பட்டு விளக்குகள் எரிந்ததும் பார்வையாளர்கள் கேட்பது பெரும்பாலும் இந்த மூன்று கேள்விகளைத்தான்.

1. யாரும் எதையும் விளக்கவில்லையே, இது எப்படி ஆவணப்படம் ஆகும்?
2. கேமராவை நிறுத்தி வைத்துவிட்டுக் காத்திருந்தால் யார் வேண்டுமானாலும் இப்படி எடுத்துவிடலாம் அல்லவா?
3. இதில் எவ்வளவு நிஜம், எவ்வளவு ஏற்பாடு?

மூன்றுமே நியாயமான கேள்விகள். அண்மை ஆண்டுகளில் இவை அதிகம் எழக் காரணமும் உண்டு. 2023 மார்ச்சில் முதுமலை தெப்பக்காடு முகாமில் எடுக்கப்பட்ட 'தி எலிபெண்ட் விஸ்பரர்ஸ்' ஆஸ்கர் வென்றது. அதே ஆண்டு, டெல்லியில் காயம்பட்ட பருந்துகளைக் காப்பாற்றும் சகோதரர்களைப் பற்றிய 'ஆல் தட் ப்ரீத்ஸ்' முழுநீள ஆவணப்படப் பிரிவில் போட்டியிட்டது. 2024இல், கிழக்கு இமயமலைக் காட்டில் இரவில் திரைகட்டி விளக்குப் போட்டு அந்துப்பூச்சிகளைக் கணக்கெடுப்பதைக் காட்டும் 'நாக்டர்ன்ஸ்' சண்டான்ஸ் விழாவில் சிறப்பு நடுவர் விருது பெற்றது. செய்திகளில் மூன்றும் ஒரே வகைப் படங்களாகவே வந்தன. உண்மையில் முதல் படத்தில் யானைக்குட்டியை வளர்த்த தம்பதி தாங்களே தங்கள் கதையைச் சொல்லிக்கொண்டு போகிறார்கள். மூன்றாவது படத்தில் பெரும்பாலும் காடும் பூச்சியும் இருட்டும்தான். ஒன்றைப் பார்த்த பழக்கத்தில் மற்றொன்றைப் பார்க்க உட்கார்ந்தால் ஏமாற்றமே மிஞ்சும்.

மூன்றாவது படத்தின் இந்தப் போக்குக்கு அவதானிப்பு ஆவணப்படம் என்று பெயர். அது எப்படி உருவானது, ஓர் ஒதுக்குப்புற நிலப்பரப்பை இந்த முறையில் எடுப்பவர் என்னதான் செய்கிறார், அந்தப் படத்தை எவ்வளவு தூரம் நம்பலாம் என்பதைப் பிச்சாவரம் சுரபுன்னைக் காட்டை எடுத்துக்காட்டாக வைத்துப் பார்ப்போம்.

குரல் ஏன் வந்தது, ஏன் போனது

நடுவயதைத் தாண்டியவர்களுக்குத் தியேட்டரில் படம் தொடங்கும் முன் ஓடிய செய்திப்படம் நினைவிருக்கும். 1948இல் தொடங்கப்பட்ட மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் தயாரித்த அந்தப் படங்களைத் திரையரங்குகள் அன்று கட்டாயம் போட்டாக வேண்டியிருந்தது. அணை, உரத் தொழிற்சாலை, வெள்ள நிவாரணம் என்று காட்சிகள் மாறினாலும் கம்பீரமான ஒரு குரல் மட்டும் மாறாது. ஆவணப்படம் என்றால் குரல் என்ற எண்ணம் நம்மிடம் ஊறியது அப்படித்தான்.

அந்தக் குரலுக்குப் பின்னால் ஒரு தொழில்நுட்பக் கட்டாயமும் இருந்தது. 35 மி.மீ. கேமரா கனமானது. அதன் இரைச்சலுக்கு நடுவே, வெட்டவெளியில், படத்தோடு பிசகாமல் ஒலியைப் பதிவு செய்வது பெரும்பாடு. ஆகவே ஊமையாக எடுத்துவந்து ஸ்டூடியோவில் விளக்கம் படித்துச் சேர்த்தார்கள்.

1958இல் வந்த நாக்ரா 3 என்ற கையடக்க ஒலிப்பதிவுக் கருவியும், தோளில் வைத்து எடுக்கக்கூடிய 16 மி.மீ. கேமராக்களும் இந்த நிலையை மாற்றின. இரண்டே பேர் ஓர் அறைக்குள் நுழைந்து, நடப்பதை நடக்கிறபடியே ஒலியோடு எடுக்க முடிந்தது. 1960இல் தயாரிப்பாளர் ராபர்ட் ட்ரூவின் குழு அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் கென்னடியின் தேர்தல் பிரசாரத்தைப் பின்தொடர்ந்து எடுத்த படம் இந்த வழியின் தொடக்கங்களில் ஒன்று. 1967 முதல் அமெரிக்க இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மன் மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் என்று ஒவ்வொரு நிறுவனமாகப் புகுந்து, பேட்டி, விளக்கக் குரல், பின்னணி இசை எதுவும் இல்லாமல் எடுத்தார்.

இவையெல்லாம் மனிதர்களைப் பற்றிய படங்கள். மனிதர்கள் பேசுவார்கள், சண்டையிடுவார்கள், அழுவார்கள். கேமரா சும்மா இருந்தாலும் கதை நகர்ந்துவிடும். நிலம் பேசாது. இதே முறையை ஏரிக்கும் பாலைக்கும் காட்டுக்கும் கொண்டுபோனபோதுதான் சிக்கல் வந்தது.

பத்து நிமிடம் ஓர் ஏரியைப் பார்ப்பது

அமெரிக்கரான ஜேம்ஸ் பென்னிங் 2004இல் எடுத்த '13 லேக்ஸ்' இந்தச் சிக்கலை அதன் எல்லைவரை கொண்டுபோன படம். பதின்மூன்று ஏரிகள், ஏரிக்கு ஒரே ஒரு ஷாட் (வெட்டாமல் ஓடும் ஒரு காட்சி), ஒவ்வொன்றும் பத்து நிமிடம். கேமரா அசையாது. 16 மி.மீ. கேமராவில் போடும் 400 அடிச் சுருள் ஏறத்தாழ பதினோரு நிமிடம்தான் ஓடும் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், சுருளின் நீளம் கிட்டத்தட்ட ஷாட்டின் நீளமாகவே ஆகிவிடுவது தெரியும்.

பத்து நிமிடத்தில் பார்ப்பவருக்கு என்ன நடக்கிறது? முதல் அரை நிமிடத்தில் ஏரி அடையாளம் தெரிந்துவிடும். அடுத்து அலுப்பு. அதைத் தாண்டினால் கண் ஓரங்களுக்குப் போகிறது: மேகத்தின் நிழல் நீரில் நகர்வது, காற்று மாறியதும் சிற்றலையின் திசை மாறுவது, சட்டகத்துக்கு (ஃபிரேமுக்கு) வெளியே எங்கோ கேட்கும் ஓர் எஞ்சின். விளக்கக் குரல் இருந்திருந்தால் அது சொல்கிற இடத்தை மட்டும் கண் பார்த்திருக்கும். குரலை எடுத்துவிட்டால் எங்கே பார்ப்பது என்ற பொறுப்பு பார்ப்பவரிடம் வந்து சேருகிறது. முதல் கேள்விக்கு என் பதில் இதுதான்: இந்த வகைப் படத்தில் விளக்கத்தின் இடத்தில் நேரம் இருக்கிறது.

எல்லாப் படங்களும் இவ்வளவு கறாரானவை அல்ல. ஃபரிதா பாச்சா 2013இல் எடுத்த 'மை நேம் இஸ் சால்ட்' குஜராத்தின் சிறிய கட்ச் பாலையில் நடக்கிறது. ஆண்டுக்கு எட்டு மாதம் ஒரு குடும்பம் அங்கே தங்கி, நிலத்தடி உவர்நீரை இறைத்து உப்பு விளைவிக்கிறது. மழைக்காலம் வந்ததும் அந்த நிலம் முழுக்க மறுபடி நீருக்கடியில் போய்விடுகிறது. விளக்கக் குரல் கிடையாது. மரக்காணம் உப்பளங்களைக் கிழக்குக் கடற்கரைச் சாலையில் கடந்து போகிற நமக்கு, பாத்தியை மிதித்து மிதித்துக் கெட்டிப்படுத்தும் அந்தக் கால்களை யாரும் விளக்க வேண்டியதில்லை.

பிச்சாவரத்தில் ஒரே ஒரு ஷாட்

சிதம்பரத்துக்குக் கிழக்கே, வெள்ளாறும் கொள்ளிடமும் கடலில் சேரும் முகத்துவாரங்களுக்கு நடுவே இருக்கிறது பிச்சாவரம். ஐம்பதுக்கும் மேற்பட்ட சிறு திட்டுகள், அவற்றைப் பிரிக்கும் வாய்க்கால்கள். 2022இல் ராம்சர் ஈரநிலமாக, அதாவது உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலமாக, அறிவிக்கப்பட்ட பரப்பு 1,478.64 ஹெக்டேர். நம்மில் பலருக்கு இந்த இடம் ஒரு மணி நேரப் படகுச் சவாரி. இல்லையென்றால் பாட்டுக் காட்சியின் பின்புலம். இரண்டிலுமே காடு அசையாத ஒரு பச்சைச் சுவர். ஆனால் அங்கே எதுவும் அசையாமல் நிற்பதில்லை, எல்லாம் நீரோடு ஏறி இறங்குகின்றன.

ஓர் எளிய ஷாட்டை எடுத்துக்கொள்வோம். சூரியன் எழும் நேரத்தில், நீர் நன்றாக வற்றி, வெண்கண்டல் மரங்களைச் சுற்றி மூச்சுவேர்கள் சேற்றில் குத்திட்டு நிற்க வேண்டும். இது எப்போது கிடைக்கும்?

1. நீர் ஒரு நாளில் இரண்டு முறை ஏறி, இரண்டு முறை வற்றுகிறது. இரண்டு வற்றங்களுக்கு இடைவெளி ஏறத்தாழ 12 மணி 25 நிமிடம்.

2. ஆகவே வற்றம் நாளுக்கு ஏறத்தாழ 50 நிமிடம் தள்ளிப்போகும். இன்று காலை 6 மணி என்றால் நாளை 6.50, மறுநாள் 7.40. மூன்றாம் நாளே காலையின் சாய்ந்த ஒளி போய்விடும்.

3. ஒரு வாரத்தில் அதே 6 மணிக்கு நீர் ஏறி நிற்கும். மறுபடி வற்றமும் விடியலும் சேர ஏறத்தாழ பதினைந்து நாள் காத்திருக்க வேண்டும்.

4. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஏற்றமும் வற்றமும் பெரிதாக இருக்கும். அஷ்டமியை ஒட்டிச் சிறுக்கும். இங்கே நீரின் ஏற்ற இறக்கம் பெரிய நாட்களிலேயே சுமார் ஒரு மீட்டர்தான். சிறிய நாட்களில் வேர் முழுதாக வெளியே தெரியாது.

5. அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை. ஆற்று வெள்ளம் வாய்க்காலில் இறங்கினால் இந்தக் கணக்கு குழம்பிவிடும். முகத்துவாரத்தில் மணல் மேடிட்டாலும் அப்படியே.

திதி தெரிந்தால் நீர் எப்போது ஏறும், எப்போது வற்றும் என்று சொல்லிவிடலாம். கரையோர மக்களுக்கு இது புதிதல்ல. படமெடுக்க வருகிறவர் முதலில் கற்க வேண்டியதும் இதுதான். இதோடு சேறு வேறு. படகில் கேமரா ஆடும், அசையாத ஷாட் கிடைக்காது. முக்காலியைச் சேற்றில் ஊன்றினால் மெல்லப் புதைந்து சட்டகம் சரியும். பலகை போட்டுத்தான் நிறுத்த வேண்டும். ஏற்றம் தொடங்கும் முன் கருவிகளை மேலே ஏற்றியாக வேண்டும். தில்லை மரத்துக் கிளை முறிந்தால் வடியும் பால் தோலில் பட்டால் புண்ணாகும், கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. சிதம்பரத்தின் தலமரம் தில்லை. அந்த மரத்தைக் கூட்டமாகப் பார்க்க இன்று இங்கேதான் வர வேண்டும்.

திரையில் இரண்டு நிமிடம் வரும் ஒரு ஷாட்டுக்குள் இவ்வளவும் அடக்கம். இரண்டாவது கேள்விக்கு இதற்கு மேல் பதில் தேவையில்லை என்று நினைக்கிறேன். மாசிடோனியாவில் தேன் எடுக்கும் ஒரு பெண்ணைப் பற்றிய 'ஹனிலேண்ட்' (2019) படத்துக்கு மூன்று ஆண்டுகளில் 400 மணி நேரத்துக்கு மேல் காட்சிகள் எடுக்கப்பட்டன. படம் ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

தலையீடு இல்லாத படம் உண்டா

கிடையாது. 'உள்ளதை உள்ளபடி' என்று விளம்பரப்படுத்தப்படும் எந்தப் படத்தையும் அப்படியே ஏற்க வேண்டாம். முடிவுகள் எந்த இடத்தில் எடுக்கப்படுகின்றன என்று பார்ப்பதுதான் பயனுள்ளது.

முதலாவது, சட்டகம். பிச்சாவரத்தில் கேமராவைக் கொஞ்சம் திருப்பினால் படகுத் துறையும் பிளாஸ்டிக் பாட்டிலும் செல்போன் கோபுரமும் தெரியும். அவற்றை விலக்கிவிட்டு 'தீண்டப்படாத காடு' என்று காட்டினால், அதில் பொய்யான ஒரு சட்டகமும் இல்லாமலேயே படம் பொய்யாகிவிடும்.

இரண்டாவது, ஒலி. இதைப் பலரும் கவனிப்பதில்லை. தொலைநோக்கு லென்ஸ் நூறு மீட்டருக்கு அப்பால் இருக்கும் நண்டை அருகில் கொண்டுவந்துவிடும். மைக்கால் அது முடியாது. ஆகவே இயற்கைப் படங்களில் கேட்கும் நெருக்கமான சத்தங்களில், நண்டு நடப்பது, பறவை சிறகடிப்பது போன்றவை பெரும்பாலும் ஸ்டூடியோவில் உருவாக்கிச் சேர்க்கப்பட்டவை. அவதானிப்புப் படம் எடுப்பவர் ஒலியை அந்த இடத்திலேயே, அந்த நேரத்திலேயே எடுக்க மெனக்கெடுவார். நீர் வற்றும் வேளையில் சுரபுன்னை வேர்களுக்கு அருகே காது கொடுத்தால், படபடவென்று எண்ணெயில் கடுகு வெடிப்பது போல ஒரு சத்தம் கேட்கும். அது கொடுக்கைச் சொடுக்கும் ஒரு சிறு இறால் இனத்தின் சத்தம். இதைக் கேட்டுவிட்டால், அந்தக் காட்டுக்குப் பின்னணியில் புல்லாங்குழல் போட மனம் வராது.

மூன்றாவது, படத்தொகுப்பு. வெவ்வேறு நாளில் எடுத்த கழுகையும் மீனையும் அடுத்தடுத்து ஒட்டினால் வேட்டை பிறந்துவிடும். நீளமான ஷாட்டை இந்த இயக்குநர்கள் விரும்புவதற்கு இது ஒரு காரணம்: ஒரே ஷாட்டுக்குள் நடப்பதை ஒட்டிக் காட்ட முடியாது.

நான்காவது, ஏற்பாடு. இதில் மோசமான முன்னுதாரணம் 1958இல் வந்த டிஸ்னியின் 'ஒயிட் வில்டர்னஸ்'. லெமிங் எனும் எலி போன்ற சிறு பிராணிகள் கூட்டமாகப் பாறையிலிருந்து நீரில் குதித்துச் சாவதாக அதில் ஒரு காட்சி வரும். அந்தப் பிராணிகள் இயல்பில் வாழாத ஆல்பர்ட்டா மாநிலத்துக்கு அவற்றை வெளியிலிருந்து கொண்டுவந்து, விளிம்புக்குத் தள்ளி எடுத்தார்கள் என்பதை 1982இல் கனடா தொலைக்காட்சி வெளிக்கொண்டு வந்தது. அதற்குள் படம் ஆஸ்கரும் வாங்கியிருந்தது. லெமிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்ற நம்பிக்கையும் உலகம் முழுக்கப் பரவியிருந்தது.

ஆக, மூன்றாவது கேள்வியைக் கொஞ்சம் மாற்றிக் கேட்கலாம். இந்த ஷாட் எவ்வளவு நேரம் வெட்டாமல் ஓடுகிறது? ஒலி அந்த இடத்தில் எடுத்ததா? சட்டகத்துக்கு வெளியே என்ன இருக்கிறது என்பதைப் படம் எங்காவது காட்டுகிறதா? இவற்றுக்கான பதில் படத்துக்குள்ளேயே கிடைத்துவிடும்.

கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாதவை

இந்த முறைக்குப் பெரிய வரம்பு ஒன்று உண்டு. பிச்சாவரத்தை வைத்தே அதையும் சொல்லலாம்.

வெள்ளையர் காலத்தில் தொடங்கிப் பல பத்தாண்டுகள் இந்தக் காட்டைக் கூப்பு கூப்பாக, அதாவது வெட்டுவதற்கென்று பிரித்த பகுதி பகுதியாக, மொட்டையடித்தார்கள். மரம் போன இடத்தில் வெயில் நேராகச் சேற்றில் விழுந்தது. ஈரம் வற்றி, தரை அமிழ்ந்து, தட்டு போலக் குழிந்தது. ஏற்றத்தில் உள்ளே வந்த கடல்நீர் வெளியேற வழியில்லாமல் தேங்கி ஆவியாகி, உப்பு மட்டும் சேர்ந்துகொண்டே போனது. அந்த உப்பில் எந்த விதையும் பிழைக்கவில்லை. 1990களில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் உள்ளூர் மக்களும் சேர்ந்து, மீன் முள் வடிவில் வாய்க்கால்களை வெட்டி நீரை உள்ளே வந்து போகச் செய்தபோதுதான் கன்றுகள் பிடித்தன. இன்று அந்த இடத்தில் ஒருவர் கேமராவை எவ்வளவு நேரம் வைத்தாலும் செழித்த மரங்கள்தான் பதிவாகும். உப்பும் தெரியாது, கூப்பும் தெரியாது.

2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலையும் அப்படித்தான். அலையாத்திக் காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்கள் குறைவாகப் பாதிக்கப்பட்டன, காட்டுக்கு முன்னால் கடலோரம் இருந்த எம்.ஜி.ஆர். திட்டு போன்ற குடியிருப்புகள் அழிந்தன. பரங்கிப்பேட்டை கடல் உயிரியல் மையத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் இந்தக் கடற்கரையின் 18 குடியிருப்புகளை ஒப்பிட்டு, காடு உயிரிழப்பைக் குறைத்தது என்று 2005இல் எழுதினார்கள். அடுத்த ஆண்டே வேறு ஆய்வாளர்கள் அதே தரவை எடுத்துக்கொண்டு, கடலிலிருந்து உள்ள தூரமும் தரையின் உயரமுமே பெரும்பகுதியை விளக்கிவிடுகின்றன என்று மறுத்தார்கள். பின்னணிக் குரல் உள்ள படம் 'காடு காப்பாற்றியது' என்று ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போகும். அவதானிப்புப் படத்தால் அந்த வரியைச் சொல்லவும் முடியாது, மறுக்கவும் முடியாது. காரணத்தைத் தெரிந்துகொள்ள வேண்டிய இடத்தில் கட்டுரையும் தரவும் பேட்டியும் தேவை. இந்த வகைப் படங்களை விரும்புகிறவர்கள் இதை ஒப்புக்கொள்ளத் தயங்கக் கூடாது.

மனிதர்கள் உள்ளே வரும்போது

பிச்சாவரத்தில் மனிதர் இல்லாத நிலப்பரப்பை எடுப்பது அநேகமாக முடியாது. இருளர் மக்கள் இடுப்பளவு நீரில் அமர்ந்தபடியே நகர்ந்து, சேற்றைக் கையால் தடவி இறால் பிடிக்கிறார்கள். இரு கைகளும் நீருக்குள் இருப்பதால், இறாலைப் போடும் பனையோலைப் பறியைப் பல்லில் கடித்துத் தொங்கவிட்டிருப்பார்கள். வாயில் பறி இருக்கும்போது யாராலும் பேட்டி கொடுக்க முடியாது. அந்த வேலையை வேலை நடக்கும்போதே காட்ட வேண்டுமானால் பேசாமல் பார்ப்பதுதான் வழி. கை எதையோ தொட்டதும் தோள் சட்டென்று நிற்பதைப் பார்த்தால், இறால் பிடிபட்டது அது நீருக்கு மேலே வரும் முன்பே தெரிந்துவிடும்.

ஆனால் 'நாங்கள் சும்மா பார்க்கத்தானே செய்தோம்' என்று சொல்லி இயக்குநர் கைகழுவிவிட முடியாது. காப்புக்காட்டுக்குள் யார், எந்த வாய்க்காலில், எதைப் பிடித்தார் என்பது பதிவானால், அது பின்னால் ஒருவருக்கு எதிரான சாட்சியமாகவும் ஆகலாம். பறவைகள் கூடு கட்டும் திட்டு எது என்று படத்தில் அடையாளம் தெரிந்தால் அங்கே கூட்டம் போகும். ஆகவே சம்மதம் என்பது முதல் நாள் வாங்கும் ஒரு கையெழுத்தோடு முடியக் கூடாது. தொகுத்த படத்தை அவர்களுக்கு அவர்கள் ஊரிலேயே போட்டுக்காட்டி, 'இதை எடுத்துவிடுங்கள்' என்றால் எடுத்துவிட வேண்டும். படத்தின் அழகு குறைந்தாலும் அதுதான் முறை.

சட்ட விஷயங்கள் சுருக்கமாக:

1. காப்புக்காட்டில் படமெடுக்க வனத்துறை அனுமதி வேண்டும். சரணாலயமாக இருந்தால் 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி.
2. ட்ரோனுக்கு 2021 விதிகள் பொருந்தும். பச்சை, மஞ்சள், சிவப்பு மண்டலங்களைப் பார்த்துவிட்டே பறக்கவிட வேண்டும். பறவைகள் கூடு கட்டும் காலத்தில் விதி அனுமதித்தாலும் பறக்கவிடாமல் இருப்பது நல்லது.
3. பொதுத் திரையிடலுக்கு, ஆவணப்படமானாலும், 1952 சட்டப்படி தணிக்கைச் சான்று தேவை. திரைப்பட விழாக்களுக்குத் தனியாக விலக்கு வாங்கலாம்.

புதுச்சேரிக் கடற்கரை சொல்வது

ஒதுக்குப்புறமான ஓரிடத்தைப் பல ஆண்டு விடாமல் எடுப்பதால் யாருக்கு என்ன பயன் என்று கேட்பவர்களுக்குப் புதுச்சேரிக் கடற்கரையைத்தான் காட்ட வேண்டும். நம் கரையில் ஆண்டின் பெரும்பகுதி மணல் தெற்கிலிருந்து வடக்காக நகர்கிறது. 1980களின் இறுதியில் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் கல்சுவர்கள் நீட்டப்பட்டதும் மணல் தெற்குப் பக்கம் தேங்கியது. வடக்கே இருந்த நகரக் கடற்கரை கரைந்துபோய், கருங்கல் கொட்டிய சுவர் மட்டும் நின்றது. பின்னர் தலைமைச் செயலகம் அருகே கடலுக்குள் தடுப்புத் திட்டு அமைக்கப்பட்ட பிறகே அங்கே ஓரளவு மணல் திரும்பியது. நடுவில் ஒரு தலைமுறையே மணல் இல்லாத கடற்கரையைத்தான் கடற்கரை என்று அறிந்து வளர்ந்தது.

அந்த மணல் போன விதம் தொடர்ச்சியாக எங்கே பதிவாகியிருக்கிறது? வீட்டு ஆல்பங்களில் இருக்கும், மனிதருக்குப் பின்னால் கொஞ்சம் கடல் தெரியும் புகைப்படங்களாக. ஒரே இடத்தில், ஒரே திசையில், ஆண்டுக்கு இரண்டு பருவத்தில் பத்துப் பத்து நிமிடம் யாராவது எடுத்து வைத்திருந்தால், கரை எந்தப் பருவத்தில் இழந்தது, எந்தப் பருவத்தில் கொஞ்சம் மீட்டது என்பதைக் கண்ணாலேயே பார்க்கலாம். தானே, பெஞ்சல் போன்ற புயல்களுக்கு முன்னும் பின்னும் பிச்சாவரத்து முகத்துவாரம் எப்படி இருந்தது என்பதற்கும் அப்படி ஒரு பதிவு பயன்படும்.

இதை இப்போதே தொடங்க நினைக்கும் இளைஞர்கள் கடலூரிலும் புதுச்சேரியிலும் இருக்கிறார்கள். அவர்களிடம் கேமரா இருக்கிறது. பெரும்பாலும் விட்டுப்போவது குறிப்பேடுதான். ஒவ்வொரு ஷாட்டோடும் நின்ற இடம், பார்த்த திசை, லென்ஸ், கேமராவின் உயரம், தேதி, மணி, திதி, நீர் ஏறுகிறதா வற்றுகிறதா, காற்று வடக்கிலிருந்து வரும் வாடையா, தெற்கிலிருந்து வரும் சோழகமா என்று எழுதி வைக்க வேண்டும். இல்லையென்றால் அடுத்த ஆண்டு அதே இடத்தில் அதே சட்டகத்தை மறுபடி வைக்க முடியாது. இரண்டு காட்சிகளுக்கு நடுவே தெரியும் வித்தியாசம் கரை நகர்ந்ததாலா, நீர் ஏறியிருந்ததாலா என்று பிரித்துச் சொல்லவும் முடியாது.